பழைய வீட்டு ஃப்ரூட் சாலட்: அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

பாலைக் காய்ச்சி, கஸ்டர்ட் பவுடர் கரைத்து ஊற்றி, ஆறவைத்து, வாழைப்பழம், ஆப்பிள், திராட்சை, மாதுளை எல்லாம் நறுக்கிப் போட்டுக் கலக்கும் அந்தப் பழைய ஃப்ரூட் சாலட் பற்றிய பக்கம் இது. செய்முறையை நாலு வரியில் சொல்லிவிடலாம். ஆனால் செய்து பார்த்தவர்கள் கேட்கும் சந்தேகங்கள் மட்டும் எப்போதும் ஒன்றாகவே இருக்கின்றன: கட்டி தட்டுகிறது, கசக்கிறது, தண்ணீராகப் போகிறது, அம்மா செய்த ருசி வரவில்லை. அவற்றைக் கேட்டவர்களின் பேச்சிலேயே எழுதிப் பதில் தந்திருக்கிறோம்.

முதல்ல அளவு சொல்லுங்க. அரை லிட்டர் பாலுக்கு எதெது எவ்வளவு?

கொழுப்புள்ள பால் 500 மி.லி., கஸ்டர்ட் பவுடர் 2 டேபிள்ஸ்பூன் (தலைதட்டி அளந்தால் சுமார் 20 கிராம்), சர்க்கரை 4 டேபிள்ஸ்பூன் (50 கிராம்), தோல், கொட்டை நீக்கி நறுக்கிய பழம் 500 முதல் 600 கிராம். ஐந்தாறு பேருக்குச் சரியாக வரும். பாலும் பழமும் எடையில் ஏறத்தாழ சமம் என்பதை மட்டும் மனதில் வைத்துக்கொண்டால் எத்தனை பேருக்கும் பெருக்கிக்கொள்ளலாம்.

கஸ்டர்ட் பவுடரைக் குவித்து அளந்தால் ஏறக்குறைய இருமடங்கு விழும். 'பாக்கெட்டில் போட்ட மாதிரிதான் செய்தேன், களியாகிவிட்டது' என்பவர்களின் கரண்டி பெரும்பாலும் குவிந்த கரண்டிதான்.

கஸ்டர்ட் காய்ச்சுற முறையை வரிசையா சொல்லுங்க.

500 மி.லி. பாலில் 100 மி.லி.யைக் காய்ச்சாமல், குளிர்ச்சியாகவே தனியே எடுத்து வையுங்கள். கஸ்டர்ட் பவுடரை அதில் போட்டு அடியில் மாவு தங்காமல் கரையுங்கள். மீதிப் பாலை அடி கனத்த பாத்திரத்தில் பொங்கவிட்டு, சர்க்கரை சேர்த்துக் கரைந்ததும் தீயைச் சிறிதாக்குங்கள்.

கரைத்து வைத்த மாவு அதற்குள் அடியில் படிந்திருக்கும். அதனால் ஊற்றும் நொடியில் இன்னொரு முறை கலக்க வேண்டும். ஒரு கையால் மெல்லிய தாரையாக ஊற்றிக்கொண்டே மறு கையால் பாலைக் கிளறுங்கள். கொதி மீண்டும் வந்தபின் சிறு தீயில் இரண்டு மூன்று நிமிடம், அடியைத் தொட்டுத் தொட்டுக் கிளறி இறக்குங்கள். அவ்வளவுதான்.

எனக்கு எப்பவுமே கட்டி தட்டிடுது. ஏன்?

இரண்டு காரணம்தான். பவுடரைச் சூடான பாலில் கரைத்திருப்பீர்கள், அல்லது நேரடியாகக் கொதிக்கும் பாலில் தூவியிருப்பீர்கள். கஸ்டர்ட் பவுடர் என்பது பெரும்பாலும் கார்ன்ஃப்ளோர்தான். சூடு பட்டதும் மாவு உருண்டையின் வெளிப்பக்கம் வெந்து பசையாகிவிடும். உள்ளே பால் புகாது. வெளியே வழவழப்பும் உள்ளே பச்சை மாவுமாக நிற்பதுதான் கட்டி.

கட்டி தட்டிவிட்டால் அடுப்பிலேயே கரண்டியால் நசுக்கிக்கொண்டிருக்க வேண்டாம். இறக்கி, சூட்டோடு கம்பி வடிகட்டியில் ஊற்றித் தேய்த்து வடியுங்கள். தங்கிய கட்டியை எறிந்துவிடுங்கள். கட்டியோடு போன மாவின் அளவுக்குக் கஸ்டர்ட் நீர்த்திருக்கும். தேவைப்பட்டால் அரை டேபிள்ஸ்பூன் பவுடரைக் குளிர்ந்த பாலில் கரைத்து ஊற்றி மறுபடி ஒரு கொதி விடலாம்.

எந்தப் பக்குவத்துல இறக்கணும்?

கரண்டியை முக்கி எடுத்துத் திருப்புங்கள். பின்புறத்தில் கஸ்டர்ட் மெல்லிய படலமாக ஒட்டியிருக்க வேண்டும். அதன் நடுவே விரலால் ஒரு கோடு போட்டால் கோடு உடனே மூடிக்கொள்ளக் கூடாது. இதுவே பக்குவம். அடுப்பில் இருக்கும்போது பாயசத்தைவிடச் சற்றுக் கெட்டியாகத்தான் தெரியும். 'இன்னும் கொஞ்சம் கெட்டியாகட்டும்' என்று விட்டீர்களானால் ஃப்ரிட்ஜில் ஆறியபின் வெட்டி எடுக்கிற மாதிரி ஆகிவிடும்.

இனிப்பையும் இப்போதே பார்த்துவிடுங்கள். சூடாக இருக்கும்போது சற்றுத் தூக்கலாகத் தெரிந்தால்தான் குளிர்ந்தபின் சரியாக இருக்கும். குளிர்ச்சியில் நாக்குக்கு இனிப்பு குறைவாகவே தெரியும். ருசி பார்த்த கரண்டியை மட்டும் மறுபடி பாத்திரத்துக்குள் விடாதீர்கள். காரணம் கீழே, தண்ணீராகப் போவது பற்றிய பதிலில் இருக்கிறது.

ஆறும்போது மேல ஆடை படிஞ்சு, கலக்கினா திப்பி திப்பியா ஆகுது.

மேற்பரப்பு காய்வதால் வருவது அது. இறக்கிய பாத்திரத்தை அகலமான தண்ணீர்த் தொட்டியில் வைத்து, முதல் பத்துப் பதினைந்து நிமிடம் இடையிடையே கிளறுங்கள். தொட்டித் தண்ணீர் சூடேறியதும் ஒருமுறை மாற்றுங்கள். கை பொறுக்கும் சூட்டுக்கு வந்தபின் ஆடை பெரிதாகப் படியாது. அப்போது மூடி ஃப்ரிட்ஜில் வைக்கலாம். மூன்று மணி நேரமாவது குளிர வேண்டும். ஆவி பறக்கும்போதே மூடினால் மூடியில் சேரும் நீர் சொட்டி மேலே தண்ணீர் நிற்கும்.

சூடா இருக்கும்போதே பழத்தைப் போட்டா என்ன ஆகும்?

வாழைப்பழம் வெந்து குழைந்து, நிறம் மங்கும். திராட்சைத் தோல் சுருங்கும். ஆப்பிளின் மொறுமொறுப்பு போய்விடும். பழத்தின் புளிப்பு சூடான பாலில் இறங்கினால் பால் திரியவும் திரியும். வெதுவெதுப்பிலும் போட வேண்டாம். கஸ்டர்ட் ஃப்ரிட்ஜில் நன்றாகக் குளிர்ந்திருக்க வேண்டும், பழமும் குளிர்ந்திருந்தால் இன்னும் நல்லது. பழமும் கஸ்டர்டும் சேர வேண்டியது பரிமாறுவதற்கு அரை மணி நேரம் முன்புதான். இந்தப் பக்கத்தில் ஒரே ஒரு விதியைப் பிடித்துக்கொள்வதானால் இதைப் பிடித்துக்கொள்ளுங்கள்.

எந்த வாழைப்பழம் போடணும்? கடையில கிடைக்கிறது எதுவா இருந்தாலும் பரவாயில்லையா?

பரவாயில்லை என்று சொல்ல மனம் வரவில்லை. இந்த ஃப்ரூட் சாலட்டின் மணத்தில் பாதி வாழைப்பழத்தின் மணம். ரஸ்தாளிதான் எங்கள் முதல் தேர்வு: சதை கெட்டி, நறுக்கினால் ஓரம் உடையாது, இனிப்போடு ஒரு மெல்லிய புளிப்பு உண்டு. ஆனால் நன்றாகப் பழுத்திருக்க வேண்டும். தோல் மெலிந்து, சீப்பிலிருந்து தானே கழன்று விழும் நிலையில் இருக்கிற பழம் சரி. அதற்கு முன் துவர்க்கும், அந்தத் துவர்ப்பு பாலில் இன்னும் தூக்கலாகத் தெரியும். ரஸ்தாளியில் சில பழங்களின் சதைக்குள் பழுக்காத கெட்டிக் கட்டி இருக்கும். நறுக்கும்போது கத்தி தடுக்கும் இடம் அதுதான். அதை எடுத்துப் போட்டுவிடுங்கள், வாயில் மெழுகு மாதிரி நிற்கும்.

மலைவாழை கிடைத்தால் யோசிக்காமல் வாங்கலாம். சிறுமலை, விருப்பாச்சிப் பக்கத்து மலைப்பழத்தில் நீர்ப்பசை குறைவு, மணம் அதிகம், கஸ்டர்டை நீர்க்கவிடாது. விலைதான் கூட. பூவன் போடலாம், ஆனால் புளிப்பு சற்று மேலே நிற்கும், அரை டேபிள்ஸ்பூன் சர்க்கரை கூட்டிக்கொள்ளுங்கள். ஏலக்கி அருமையாக இருக்கும், உரித்து நறுக்கத்தான் நேரம் எடுக்கும். பச்சை வாழையும் மொரிஸும் சீக்கிரம் குழையும், மணமும் போதாது. கற்பூரவள்ளி தேனாக இனிக்கும், ஆனால் கிளறியதும் கூழாகிவிடும். பஞ்சாமிர்தம் பிசைவதற்கு வைத்துக்கொள்ளுங்கள். நேந்திரம் வேண்டாம், மாவாக இருக்கும்.

வேற என்னென்ன பழம், எந்த விகிதத்துல?

500 கிராம் நறுக்கிய பழத்தில் வாழைப்பழம் 200, ஆப்பிள் 120, திராட்சை 100, மாதுளை முத்து 80 கிராம். பழைய வீட்டுச் சாலட்டின் அச்சு இதுதான். மெதுவானது ஒன்று, மொறுமொறுப்பானது ஒன்று, சாறு வெடிப்பது ஒன்று, கடிபடுவது ஒன்று என்று வாயில் நாலும் தனித்தனியாகத் தெரியும்.

மாம்பழப் பருவத்தில் ஆப்பிளில் பாதியைக் குறைத்து பங்கனப்பள்ளியோ இமாம்பசந்தோ சேர்க்கலாம். நார் இருக்கிற பழம் வேண்டாம். சப்போட்டா இரண்டு போதும். அதற்குமேல் போட்டால் கஸ்டர்டே பழுப்பாகிவிடும். முலாம்பழம் போடலாம், சாறு அதிகம் என்பதால் கடைசியில். தர்பூசணி பாலுக்கு ஆகாது, வெறும் தண்ணீர். கொய்யாவின் விதை பாலோடு சேரும்போது மண் மாதிரி கடிபடும். பலாச்சுளை ஒன்றிரண்டு போட்டாலே மற்ற எல்லாப் பழத்தின் மணத்தையும் அமுக்கிவிடும். பலா பிடித்தவர்கள் வாழையும் பலாவும் மட்டும் போட்டுத் தனியாகச் செய்வது மேல்.

எவ்வளவு பொடியா நறுக்கணும்?

எல்லாவற்றையும் ஒரே அளவில் நறுக்குவது கண்ணுக்கு அழகு, வாய்க்கு அல்ல. ஆப்பிள் கெட்டி, அதனால் கால் அங்குலச் சதுரம். மாம்பழம், சப்போட்டா அரை அங்குலம். வாழைப்பழத்தை நீளவாக்கில் இரண்டாகப் பிளந்து அரை அங்குலத் துண்டாகப் போடுங்கள். மெல்லிய வில்லையாகச் சீவினால் கிளறும்போதே கரையும். திராட்சையை இரண்டாக வெட்டுவது அவசியம். முழுசாகப் போட்டால் கஸ்டர்ட் மேலே வழுக்கிப்போகுமே தவிர ஒட்டாது. சின்னக் குழந்தைகளுக்கு முழுத் திராட்சை தொண்டையில் அடைக்கும் ஆபத்தும் உண்டு. அவர்களுக்கு நீளவாக்கில் நாலாக வெட்டிக் கொடுங்கள்.

ஆப்பிளும் வாழைப்பழமும் கறுத்துப் போகுது. எலுமிச்சை பிழியலாமா?

நறுக்கிய இடத்தில் காற்று படும்போது பழத்திலிருக்கும் நொதி வேலை செய்து பழுப்பாக்குகிறது. பால் சேர்க்கும் சாலட்டுக்கு எலுமிச்சை தேவையில்லை. ஒரு லிட்டர் தண்ணீரில் அரை டீஸ்பூன் உப்பு கரைத்து, ஆப்பிள் துண்டுகளை ஐந்து நிமிடம் போட்டு, வடித்து, நல்ல தண்ணீரில் ஒருமுறை அலசித் துணியில் ஒற்றிவிடுங்கள். உப்பு ருசி தெரியாது.

வாழைப்பழத்தைத் தண்ணீரில் போட வேண்டாம். கடைசியாக நறுக்கி, நறுக்கிய கையோடு கஸ்டர்டில் அமுக்கிவிட்டால் போதும். கஸ்டர்ட் மூடியிருக்கும்வரை காற்று படாது.

அன்னாசி போட்டேன். போட்டப்போ நல்லா இருந்துச்சு, ஒரு மணி நேரத்துல ஒரே கசப்பு. பழம் கெட்டதா?

பழத்தின் மேல் குற்றமில்லை. பச்சை அன்னாசியில் புரோமிலைன் என்ற நொதி இருக்கிறது. புரதத்தை உடைப்பது அதன் வேலை. பாலின் புரதத்தை அது உடைக்கும்போது உண்டாகும் சிறு துணுக்குகள்தான் கசக்கின்றன. போட்ட உடனே தெரியாமல் நேரம் ஆக ஆகக் கசப்பு ஏறுவது இதனால்தான். கூடவே பால் திரிதிரியாகவும் ஆகும். இப்படிக் கசந்துபோனதைச் சர்க்கரை போட்டுச் சரிசெய்ய முடியாது.

அன்னாசி வேண்டுமென்றால் வேகவையுங்கள். 200 கிராம் சிறு துண்டுகளுக்கு 2 டேபிள்ஸ்பூன் சர்க்கரை, கால் டம்ளர் தண்ணீர். துண்டின் நடுப்பகுதிவரை சூடேறும்படி கொதி வந்தபின் ஏழெட்டு நிமிடம். நல்ல சூட்டில் அந்த நொதி செயலிழந்துவிடும். முழுக்க ஆறவைத்து, பாகை வடித்துவிட்டுத் துண்டுகளை மட்டும் போடுங்கள். டின்னில் வரும் அன்னாசி ஏற்கெனவே சூடாக்கப்பட்டது என்பதால் அப்படியே போடலாம், பாகை வடிக்க மறக்காதீர்கள். வடித்த பாகைக் கொட்ட வேண்டாம். தண்ணீரும் ஐஸும் சேர்த்தால் நல்ல சர்பத்.

அப்போ பப்பாளி, கிவி எல்லாம்?

இரண்டுக்கும் அதே கதைதான். பப்பாளியில் பப்பெய்ன், கிவியில் ஆக்டினிடின். காயாக இருக்கும் பப்பாளியில் அதிகம், நன்கு பழுத்ததில் குறைவு. என்றாலும் பாலில் ஊறினால் கசப்பு தட்டும். கிண்ணத்தில் பரிமாறியபின் மேலே இரண்டு துண்டு வைத்து உடனே சாப்பிடுவதானால் தவறில்லை. பப்பாளிக்கு ஏற்ற இடம் பால் சேராத பழைய சர்க்கரைச் சாலட். அதைக் கீழே சொல்லியிருக்கிறோம்.

ஆரஞ்சு போட்டா பால் திரிஞ்சிடுமா?

குளிர்ந்த, நன்றாக வெந்த கஸ்டர்டில் உடனே திரியாது. மாவுப்பசை பாலைக் கொஞ்சம் தாங்கிப் பிடிக்கும். ஆனால் சுளையிலிருந்து சாறு இறங்க இறங்க, சுற்றிலும் மணல் மணலாகத் தெரிய ஆரம்பிக்கும். கமலா ஆரஞ்சு போட ஆசையென்றால் சுளையின் வெள்ளைத் தோலையும் கொட்டையையும் நீக்கி, சுளை உடையாமல், பரிமாறும்போது மேலே வையுங்கள். சாத்துக்குடி வேண்டாம், சக்கை மட்டும் வாயில் நிற்கும்.

பன்னீர் திராட்சைதான் பழைய ருசின்னு சொல்றாங்க. கொட்டையை என்ன பண்றது?

சொல்வது சரிதான். கம்பம் பள்ளத்தாக்கின் பன்னீர் திராட்சைக்கு 2023ல் புவிசார் குறியீடு கிடைத்தது. கொட்டையில்லாத பச்சைத் திராட்சையில் வராத மணமும், பாலில் படரும் ஊதாச் சாயலும் அதில் வரும். கொட்டை கடிபட்டால் துவர்க்கும் என்பதால் எடுத்தே ஆக வேண்டும். காம்பு வாட்டத்தில் இரண்டாகப் பிளந்து, கத்தி முனையால் நெம்பினால் இரண்டு மூன்று கொட்டையும் வந்துவிடும். 100 கிராமுக்குப் பத்து நிமிடம் ஆகலாம். நேரமில்லாத நாளில் கொட்டையில்லாத கறுப்புத் திராட்சை போடுங்கள்.

எந்தத் திராட்சையாக இருந்தாலும் உப்புத் தண்ணீரில் பத்து நிமிடம் ஊறப்போட்டு, இரண்டு மூன்று தண்ணீர் மாற்றி அலசி, ஈரம் போகத் துடைத்தபின்தான் வெட்ட வேண்டும்.

காலையில கெட்டியா இருந்துச்சு, சாயங்காலம் பார்த்தா தண்ணி. என்ன தப்பு?

நான்கில் ஒன்றாக இருக்கும். முதலாவது, பழத்தை முன்கூட்டியே கலந்தது. சர்க்கரை கலந்த பாலில் நறுக்கிய பழம் கிடந்தால், சர்க்கரை பழத்திலிருந்து சாறை இழுத்துக்கொண்டே இருக்கும். பரிமாற அரை மணி நேரம் முன்பு கலக்கச் சொன்னது இதற்காகவும்தான். இரண்டாவது, அலசிய பழத்தின் ஈரம். வடிகட்டியில் போட்டால் மட்டும் போதாது, துணியில் ஒற்ற வேண்டும்.

மூன்றாவது, கஸ்டர்ட் வேகாதது. கெட்டியானதும் உடனே இறக்கிவிட்டால் மாவு பாதிதான் வெந்திருக்கும். பச்சை மாவு வாடையும் வரும், வைத்திருக்க நீர்க்கவும் செய்யும். கொதி வந்தபின் இரண்டு மூன்று நிமிடம் என்று சொன்னதைக் குறைக்காதீர்கள்.

நான்காவதைப் பலர் நம்ப மாட்டார்கள்: எச்சில் கரண்டி. எச்சிலில் மாவைக் கரைக்கும் அமைலேஸ் என்ற நொதி உண்டு. வாயில் வைத்த கரண்டியை மறுபடி கிண்ணத்தில் விட்டு, மீதியை ஃப்ரிட்ஜில் வைத்தால் சில மணி நேரத்தில் அது நீராகிவிடும். காய்ச்சாத தேனிலும் இதே வகை நொதி இருக்கிறது. அதனால் சர்க்கரைக்குப் பதில் தேன் கலப்பவர்கள் மொத்தமாகக் கலக்காமல் கிண்ணத்தில் மேலே ஊற்றிக்கொள்ளுங்கள்.

கஸ்டர்ட் பவுடர்ல முட்டை இருக்கா? எங்க மாமியார் தொடவே மாட்டாங்க.

வழக்கமாகக் கிடைக்கும் பவுடரில் இல்லை. சொல்லப்போனால் அது பிறந்ததே முட்டையைத் தவிர்க்கத்தான். இங்கிலாந்தின் பர்மிங்காமில் ஆல்ஃபிரட் பேர்டு என்ற மருந்துக்கடைக்காரர், முட்டை ஒத்துக்கொள்ளாத தன் மனைவிக்காக 1837ல் கார்ன்ஃப்ளோர் வைத்து முட்டையில்லாக் கஸ்டர்டைச் செய்தார். கார்ன்ஃப்ளோர், நிறம், வெனிலா மணம் என்ற அந்தச் சேர்மானம்தான் இன்றும். மாமியாருக்கு பாக்கெட்டில் இருக்கும் பச்சைப் புள்ளியைக் காட்டுங்கள். முட்டை சேர்ந்த பொருளுக்கு அந்தக் குறி போடக் கூடாது.

பவுடர் வீட்ல இல்ல, கார்ன்ஃப்ளோர் மட்டும் இருக்கு.

அதே 2 டேபிள்ஸ்பூன் கார்ன்ஃப்ளோர், அதே முறை. இறக்கிச் சூடு சற்று அடங்கியபின் அரை டீஸ்பூன் வெனிலா எசன்ஸ். கொதிக்கும்போது ஊற்றினால் மணம் ஆவியோடு போய்விடும். நிறத்துக்கு இரண்டு மூன்று குங்குமப்பூ இழையைச் சூடான பாலில் ஊறவைத்துச் சேர்க்கலாம், வெள்ளையாகவே விட்டாலும் ருசிக்குக் குறைவில்லை. ஏலக்காய்த்தூள் போடுவதானால் வெனிலாவை விட்டுவிடுங்கள், இரண்டும் ஒன்றை ஒன்று கெடுக்கும்.

சர்க்கரைக்குப் பதிலா நாட்டுச்சர்க்கரை, கன்டென்ஸ்டு மில்க் போடலாமா?

நாட்டுச்சர்க்கரையும் வெல்லமும் கொதிக்கும் பாலில் சேர்ந்தால் திரிந்துபோக வாய்ப்பு அதிகம். சர்க்கரையில்லாமல் கஸ்டர்ட் காய்ச்சி, முழுக்க ஆறியபின் பொடித்த நாட்டுச்சர்க்கரையைச் சேருங்கள். நிறம் பழுப்பாக இருக்கும், மணம் பாயசத்தின் பக்கம் சாயும்.

கன்டென்ஸ்டு மில்க் 100 கிராம் ஏறத்தாழ 45 கிராம் சர்க்கரைக்குச் சமம். அரை லிட்டருக்கு அது போதும், சர்க்கரையே வேண்டாம். டின்னை முழுசாக ஊற்றுகிறவர்கள்தான் 'திகட்டுகிறது' என்கிறார்கள்.

எங்க பாட்டி பால், கஸ்டர்ட் எதுவும் சேர்க்க மாட்டாங்க. சர்க்கரையும் எலுமிச்சம்பழமும்தான். அது எப்படி?

கஸ்டர்டைவிட எளிது, வெயில் காலத்துக்கு இதுவே நல்லது என்பது எங்கள் எண்ணம். நறுக்கிய பழம் ஒரு கிலோ, சர்க்கரை 4 முதல் 5 டேபிள்ஸ்பூன், ஒரு எலுமிச்சம்பழத்தின் சாறு, ஒரு சிட்டிகை உப்பு. பீங்கான் அல்லது கண்ணாடிக் கிண்ணத்தில் முதலில் அன்னாசி, ஆரஞ்சு, பப்பாளி, மாம்பழம் போன்ற சாறுள்ளவற்றைப் போட்டுச் சர்க்கரையும் உப்பும் தூவி அரை மணி நேரம் மூடி வையுங்கள். சாறு தானாக இறங்கி அடியில் பாகு மாதிரி நிற்கும். தண்ணீர் ஒரு சொட்டும் ஊற்றக் கூடாது. பிறகு ஆப்பிள், கொய்யா, திராட்சை, எலுமிச்சைச் சாறு. கடைசியில் வாழைப்பழமும் மாதுளையும்.

கஸ்டர்டில் குற்றமாக இருந்த சாறு இங்கேதான் முழு ருசியும். பால் இல்லாததால் அன்னாசியும் பப்பாளியும் கசக்காது. எலுமிச்சை கறுப்பதையும் தடுக்கும். கொய்யாவை உள்விதையைச் சுரண்டி எடுத்துவிட்டுச் சதையை மட்டும் போடுங்கள். பித்தளை, அலுமினியப் பாத்திரத்தில் மட்டும் செய்யாதீர்கள், புளிப்பு பட்டுக் களிம்பு வாடை ஏறும்.

முந்திரி, திராட்சையை நெய்ல வறுத்துப் போட்டா ருசியா இருக்குமா?

சூடான பாயசத்துக்கு நெய் சரி. குளிர்ந்த கஸ்டர்டில் நெய் உறைந்து மேலண்ணத்தில் பிசுபிசுவென்று ஒட்டும். முந்திரியை வெறும் வாணலியில் சிறு தீயில் சிவக்க வறுத்து, பரிமாறும்போது தூவுங்கள். உலர் திராட்சையை வெந்நீரில் கால் மணி நேரம் ஊறவைத்துப் பிழிந்து போடலாம். பேரீச்சம்பழம் நாலைந்து போதும், அதிகமானால் கஸ்டர்டின் நிறம் கலங்கும். டூட்டி ஃப்ரூட்டி சாயம் விடும் என்பதால் அதுவும் மேலே மட்டும்.

ஐஸ்கிரீம், ஜெல்லி சேர்த்துக் கொடுக்கலாமா?

ஐஸ்கிரீம் சேர்ப்பதாக இருந்தால் கஸ்டர்டில் சர்க்கரையை மூன்றில் ஒரு பங்கு குறைத்துவிடுங்கள். வெனிலா மட்டும் போதும். ஜெல்லிக்குக் கடல்பாசி எனப்படும் சைனா கிராஸ் நல்லது. 5 கிராமை ஊறவைத்து அரை லிட்டர் தண்ணீரில் முழுக்கக் கரையக் கொதிக்கவிட்டு, சர்க்கரை சேர்த்துத் தட்டில் ஊற்றினால் வெளியிலேயே உறையும். ஜெலட்டினில் பச்சை அன்னாசி சேர்த்தால் உறையவே உறையாது. காரணம் மேலே சொன்ன அதே புரோமிலைன், ஜெலட்டினும் புரதம்தானே. கடல்பாசி புரதம் இல்லை, அதனால் அதற்கு அந்தத் தொல்லை கிடையாது.

ஐம்பது பேருக்குச் செய்யணும். அளவை அப்படியே பெருக்கினா போதுமா?

அளவு பெருகும், நேரம் அப்படிப் பெருகாது. பால் 4 லிட்டர், கஸ்டர்ட் பவுடர் 160 கிராம், சர்க்கரை 400 கிராம். பவுடரைக் கரைக்கக் குளிர்ந்த பால் 800 மி.லி. எடுத்து வையுங்கள். ஒரே அண்டாவில் காய்ச்சாமல் இரண்டு இரண்டு லிட்டராகக் காய்ச்சுங்கள், அடிபிடிக்கும் பயம் குறையும். நறுக்கிய பழம் 4 கிலோ வேண்டும் என்றால் கடையில் 6 கிலோ வாங்க வேண்டும்: வாழைப்பழம் இரண்டரை, ஆப்பிள் ஒன்றரை, திராட்சை ஒன்று, மாதுளை ஒன்று. வாழையில் மூன்றில் ஒரு பங்கு தோலாகவும் மாதுளையில் ஏறக்குறைய பாதி ஓடாகவும் போய்விடும்.

இங்கே தவறுவது பெரும்பாலும் ஆறவைப்பதில். நாலு லிட்டர் கஸ்டர்ட் ஆழமான பாத்திரத்தில் நடுவில் பல மணி நேரம் சூடாகவே இருக்கும், புளித்தும் போகும். அகலமான தாம்பாளம், தட்டையான பாத்திரங்களில் இரண்டு அங்குல உயரத்துக்குப் பிரித்து ஊற்றி, தண்ணீரில் வைத்து ஆற்றி, இரண்டு மணி நேரத்துக்குள் ஃப்ரிட்ஜுக்கோ ஐஸ் பெட்டிக்கோ போய்விட வேண்டும். முதல் நாள் இரவே கஸ்டர்டை முடித்துவிட்டு, பழத்தை மறுநாள் நறுக்குவது வசதி.

எவ்வளவு நேரம் வச்சுச் சாப்பிடலாம்? ஃப்ரீசர்ல வைக்கலாமா?

பழம் கலக்காத கஸ்டர்ட் ஃப்ரிட்ஜில் இரண்டு நாள் தாங்கும். பழம் கலந்ததை அன்றைக்கே முடிப்பது நல்லது. வெளியே இரண்டு மணி நேரத்துக்கு மேல் வேண்டாம், சித்திரை வெயிலில் ஒரு மணி நேரம்தான். ஃப்ரீசரில் வைத்தால் மாவுப்பசை உடைந்து, இளகும்போது தண்ணீர் தனியாகப் பிரியும். பழமும் சொதசொதவென்று ஆகும்.

'பஞ்சாமிர்தம் மட்டும் வெளியிலேயே பல நாள் நிற்கிறதே' என்றும் கேட்கிறார்கள். பஞ்சாமிர்தத்தில் பாலும் இல்லை, தண்ணீரும் இல்லை. வெல்லம் அல்லது சர்க்கரையின் அளவு மிக அதிகம். அதில் கிருமி வளரத் தேவையான ஈரம் கிடைக்காது. ஃப்ரூட் சாலட் அப்படியல்ல.

அம்மா கை அளவுலதான் போடுவாங்க, எழுதி வைக்கல. அவங்க ருசியை எப்படிப் பிடிக்கிறது?

நினைவில் இருக்கும் ருசியை நாலு கேள்வியாக உடையுங்கள். எந்த வாழைப்பழம்? வீட்டில் வழக்கமாகத் தார் வாங்கிய ரகம் எது என்று சித்தியோ மாமாவோ சொல்லிவிடுவார்கள். கஸ்டர்ட் கரண்டியில் நின்றதா, டம்ளரில் ஊற்றிக் குடிக்கிற மாதிரி இருந்ததா? குடிக்கிற மாதிரி என்றால் அரை லிட்டருக்கு ஒன்றரை டேபிள்ஸ்பூன்தான் போட்டிருப்பார்கள். மணம் வெனிலாவா, ஏலக்காயா? பால் கறந்த பாலா, பாக்கெட் பாலா? கறந்த எருமைப்பாலில் செய்த ருசி வேண்டுமென்றால், கொழுப்பு நிறைந்த பாக்கெட் பாலை 750 மி.லி. எடுத்து 600 ஆகும்வரை சுண்டக் காய்ச்சி, பிறகு பவுடர் கரைத்து ஊற்றுங்கள். 600 மி.லி.க்கு அந்த 2 டேபிள்ஸ்பூனே போதும், சுண்டிய பால் தானே கனமாக இருக்கும். கரைப்பதற்கான 100 மி.லி.யைச் சுண்டும் முன்பே எடுத்து வைத்துவிடுங்கள்.

அம்மா அளந்த டம்ளரும் கரண்டியும் வீட்டில் இன்னும் இருந்தால் பாதி வேலை முடிந்தது. டம்ளரில் விளிம்புவரை தண்ணீர் ஊற்றி அளவுக்குவளையில் அளந்து பாருங்கள். பழைய எவர்சில்வர் காபி டம்ளர்கள் ஒன்றுக்கொன்று அளவில் நிறைய வேறுபடும். கரண்டியில் அவர் எடுப்பது மாதிரியே குவித்துப் பவுடர் எடுத்து, சமையல் தராசில் நிறுத்துப் பாருங்கள். அந்த மி.லி.யும் கிராமும்தான் உங்கள் வீட்டுச் செய்முறை. முதல் தடவை கால் லிட்டர் பாலில் செய்து, பக்கத்தில் அம்மாவின் சமையலைச் சாப்பிட்டு வளர்ந்த இன்னொருவரை வைத்து ருசி பார்க்கச் சொல்லுங்கள். ஒரு தடவைக்கு ஒன்றை மட்டும் மாற்றுங்கள்: முதலில் வாழைப்பழ ரகம், அடுத்து கெட்டித்தன்மை, கடைசியில் இனிப்பு.